இடிச் சத்தமும் வாயில்லா ஜீவனும்
(இளைஞர் வகுப்புப் பாடம்)



ஒரு வீட்டைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். ஜெலுத்தோங் பக்கம் ஒரு தரைவீடு. மாலை நாலு மணி. தண்ணீர்மலைக்கு மேலே மேகம் கறுத்துக்கொண்டு வருகிறது. இன்னும் ஒரு சொட்டு மழை விழவில்லை. வீட்டு நாய் கருப்பன் அடுப்படிக்கும் வாசலுக்கும் நடையாய் நடக்கிறது. அம்மா மீன் சோறு வைத்தும் திரும்பிப் பார்க்கவில்லை. அரை மணி நேரத்தில் இடி. வேலை முடிந்து நனைந்துகொண்டே வந்த அப்பா கதவைத் திறக்கிறார். கதவின் அடிப்பக்கம் பூராவும் நகக் கீறல். பள்ளிக் காலணி ஒன்று கடித்துக் குதறிக் கிடக்கிறது. கூடத்தில் மூத்திரம்.

“சனியனே! ஒரு மணி நேரம் சும்மா இருக்க முடியாதா உனக்கு?” என்று அப்பா கையை ஓங்குகிறார். கருப்பன் வாலை இடுக்கிக்கொண்டு கட்டிலுக்கு அடியில் போகிறது. “பாரு, தப்பு பண்ணிட்டோம்னு அதுக்கே தெரியுது,” என்கிறார்.

தெரியாது. கருப்பன் தப்புச் செய்ததாக நினைக்கவே இல்லை. அதற்குத் தெரிந்தது ரெண்டே விஷயம்: வானம் வெடிக்கிறது, அப்பாவும் கத்துகிறார். கீறல், கடித்த காலணி, மூத்திரம் மூன்றும் சேட்டை அல்ல. மூன்றும் பயத்தின் அடையாளம். அந்த அடையாளத்தைப் படிக்கத் தெரியாததால் பயந்த உயிருக்கு ஆறுதல் கிடைக்க வேண்டிய நேரத்தில் அடி கிடைக்கிறது. அதைப் படிக்கக் கற்றுக்கொள்வதுதான் இந்த வாரப் பாடம்.

நமக்குத் தெரியும் என்று நினைக்கிறோம்

“என் நாய் பயந்தா எனக்குத் தெரியாதா?” என்று நீங்கள் கேட்கலாம். இங்கிலாந்தின் பிரிஸ்டல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இதைத்தான் சோதித்தார்கள். 2013இல் அந்த ஆய்வு வெளிவந்தது. “உங்கள் நாய் சத்தத்துக்குப் பயப்படுமா?” என்று பொதுவாகக் கேட்டபோது, சுமார் நாலில் ஒருவர்தான் “ஆமாம்” என்றார்கள். பிறகு ஒரு பகுதியினரிடம், “சத்தம் கேட்டால் நடுங்குமா? ஒளியுமா? உங்களிடமே ஒட்டிக்கொள்ளுமா?” என்று ஒவ்வோர் அடையாளமாகக் கேட்டார்கள். அப்போது ஏறக்குறைய பாதிப்பேர் ஏதாவது ஓர் அடையாளத்தைப் பார்த்திருப்பதாகச் சொன்னார்கள். ஆக, கண்ணால் பார்த்திருக்கிறார்கள். ஆனால் அதன் பெயர் பயம் என்று புரிந்துகொள்ளவில்லை.

2020இல் பின்லாந்தில் 13,700 வளர்ப்பு நாய்களை வைத்து நடத்திய ஆய்வும் உண்டு. அதில் ஆராய்ந்த அச்சம், பதற்றம் சார்ந்த குணங்களிலேயே அதிகமாகக் காணப்பட்டது சத்தத்துக்கு அஞ்சுவதுதான். 32 விழுக்காட்டு நாய்களுக்கு அது இருந்தது. மூன்று நாயில் ஒன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்படியானால் உங்கள் தெருவில் மட்டும் எத்தனை இருக்கும்?

நம் ஊர் வானம்

மலேசியா உலகிலேயே இடி அதிகம் இடிக்கும் நாடுகளில் ஒன்று. கோலாலம்பூர் வட்டாரத்தில் ஆண்டுக்கு ஏறக்குறைய 200 நாள் இடி கேட்கிறது. பினாங்கிலும் குறைவில்லை. பருவக்காற்று மாறும் ஏப்ரல், மே மாதங்களிலும் அக்டோபர், நவம்பர் மாதங்களிலும் மத்தியானம் வெயில் கொளுத்தும், சாயங்காலம் இடியோடு கொட்டும். இடைப்பட்ட மாதங்களில் மலாக்கா நீரிணையில் இரவில் திரண்டு, விடியற்காலையில் கரையைத் தாக்கும் புயற்காற்று வேறு. அதைச் ‘சுமத்ரா’ என்றே சொல்வார்கள். நாம் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு தூங்கிவிடுவோம். வாசலில் கட்டிப்போட்ட நாய் என்ன செய்யும்?

2017 நவம்பர் 4ஆம் தேதி சனிக்கிழமையை மறக்க முடியுமா? அன்று இறங்கிய மழையும் காற்றும் மறுநாள் காலைவரை ஓயவில்லை. மரங்கள் வேரோடு சாய்ந்தன. வீடுகளுக்குள் தண்ணீர் ஏறியது. மாநில அரசு நள்ளிரவுக்குப் பிறகு ராணுவத்தின் உதவியைக் கேட்க வேண்டியதாயிற்று. பினாங்கில் ஏழு பேர் உயிரிழந்தார்கள். அந்த ஆண்டு தீபாவளி அக்டோபர் 18. பட்டாசு ஓய்ந்து பதினேழே நாளில் அந்தப் புயல். நம் ஊரில் இடிமழைக் காலமும் தீபாவளிக் காலமும் பெரும்பாலும் ஒன்றாகத்தான் வருகின்றன. நமக்கு அது பலகாரக் காலம். கருப்பனுக்கு ஆண்டிலேயே மோசமான காலம்.

அதற்கு முன்கூட்டியே எப்படித் தெரிகிறது?

“மழை வரப்போவுது, நாய் படுத்தும் பாட்டப் பாரு” என்று பாட்டிமார் சொல்வார்கள். அது வெறும் பேச்சு அல்ல. நமக்கு எட்டாத மெல்லிய சத்தமும் நாயின் காதுக்கு எட்டும். தூரத்து இடி நமக்குக் கேட்பதற்கு முன்பே அதற்குக் கேட்டுவிடும். காற்று திசை மாறுவது, வெளிச்சம் மங்குவது, மழை மணம், காற்றழுத்தம் குறைவது எல்லாமே இடிக்கு முன்னால் வருபவை. ரெண்டு மூன்று தடவை இவை வந்த பிறகு இடி இடித்தால், நாய் ரெண்டையும் முடிச்சுப் போட்டுக்கொள்ளும். அப்புறம் மேகம் கறுத்தாலே போதும், நடுக்கம் தொடங்கிவிடும். ரோமத்தில் நிலைமின்சாரம் ஏறி உறுத்துவதால்தான் சில நாய்கள் குளியலறையைத் தேடிப் போகின்றன என்றும் ஒரு கருத்து உண்டு. அது இன்னும் நிரூபிக்கப்படவில்லை.

பட்டாசு வேறு வகை. மனிதக் காது ஏறக்குறைய 20,000 ஹெர்ட்ஸ் வரைதான் கேட்கும். நாய்க்கு 45,000, பூனைக்கு 60,000க்கும் மேல். வாணம் ‘ஊய்ய்’ என்று சீறிக்கொண்டு போகும் சத்தத்தில் நமக்குக் கேட்காத பகுதியும் அவற்றுக்குக் கேட்கும். இடிக்காவது மேகம் முன்னறிவிப்புக் கொடுக்கிறது. பட்டாசுக்கு அதுவும் இல்லை.

அடையாளங்கள்: நாய்

நாயின் பயம் படிப்படியாக ஏறும். முதல் படியிலேயே கண்டுபிடித்தால் கடைசிப் படிக்குப் போகாமல் தடுக்கலாம்.

முதல் படியில் எல்லாம் சின்னச் சின்ன அடையாளங்கள். தூக்கம் வராமலே கொட்டாவி விடும். சாப்பாடு எதுவும் இல்லாமலே உதட்டையும் மூக்கையும் நக்கிக்கொள்ளும். காது பின்பக்கம் மடங்கும். தலையைத் திருப்பாமல் கண்ணை மட்டும் ஓரமாகத் திருப்பும், அப்போது வெள்ளை விழி பிறை போலத் தெரியும். பிடித்த பிஸ்கட்டை நீட்டினாலும் வாங்காது. எங்கே போனாலும் காலைச் சுற்றிக்கொண்டே வரும். “என்னடா இன்னிக்கு இவ்ளோ பாசம்?” என்று நாம் சிரிப்போம். அது பாசம் மட்டும் அல்ல, “என்னைத் தனியா விடாதே” என்ற வேண்டுதல்.

ரெண்டாம் படியில் உடம்பே சொல்லும். ஓடவும் இல்லை, வெயிலும் இல்லை, ஆனால் நாக்கைத் தொங்கப்போட்டு இரைக்கும். எச்சில் ஒழுகும். உடம்பு நடுங்கும். வால் பின்னங்கால்களுக்கு நடுவே போய்விடும். ஓரிடத்தில் நிற்காமல் நடக்கும். கட்டில், மேசை, அலமாரிச் சந்து என்று இருட்டான இடம் தேடும்.

மூன்றாம் படி பீதி. கதவைப் பிறாண்டும். கம்பியைக் கடிக்கும், பல் உடைந்தாலும் விடாது. நின்ற இடத்திலேயே சிறுநீரோ மலமோ போய்விடும். வேலி தாண்டி ஓடும், சாலை, லோரி எதுவும் கண்ணுக்குத் தெரியாது. இந்த நேரத்தில் இழுத்துப் பிடித்தால் பாசமான நாயும் கடிக்கலாம். அது வஞ்சகம் அல்ல.

எல்லா நாயும் ஆர்ப்பாட்டம் செய்யாது என்பதையும் கவனியுங்கள். சில நாய்கள் மூலையில் கல் மாதிரி உறைந்து கிடக்கும். “எங்க நாய் சமத்து, இடிக்கெல்லாம் அசையாது” என்று பெருமையாகச் சொல்வோம். போய் அதன் வயிற்றில் கை வைத்துப் பாருங்கள். இதயம் படபடவென்று அடித்துக்கொண்டிருக்கும்.

பூனை

பூனையின் பயம் பெரும்பாலும் சத்தமில்லாத பயம். கண்மணி அகலமாக விரியும். காது பக்கவாட்டில் தட்டையாகும். உடம்பைத் தரையோடு ஒட்டிப் பதுங்கும். துணி அலமாரிக்குள், குளிர்பெட்டிக்குப் பின்னால் போய் மணிக்கணக்கில் வராது. மணல் தட்டை விட்டுவிட்டு வேறு இடத்தில் சிறுநீர் கழிக்கும். ஒளிந்திருக்கும் பூனையை வெளியே இழுக்காதீர்கள். ஒளிவதுதான் அதன் வைத்தியம். ஆனால் ஒரு நாள் முழுக்கச் சாப்பிடாமல் இருந்தால் கால்நடை மருத்துவரிடம் கேளுங்கள். பூனை பட்டினி கிடந்தால் கல்லீரல் கெட்டுப்போகும்.

ஜார்ஜ்டவுன் கடைவரிசையின் ஐந்தடிப் பாதையில் எத்தனை தெருப்பூனைகள்! மழை பெய்தால் அவை நிறுத்தி வைத்த காருக்கு அடியிலும், சூடான எஞ்சினுக்கு மேலேயும் புகுந்துவிடும். மழை விட்டதும் காரைக் கிளப்புவதற்கு முன் முன்மூடியை ரெண்டு தட்டுத் தட்டுங்கள். ரெண்டு நொடி வேலை, ஓர் உயிர் மிச்சம்.

கிளி, முயல், மாடு

கூண்டுப் பறவைகள் இருட்டில் திடீர் மின்னலைக் கண்டால் மிரண்டு கம்பியில் மோதிக்கொள்ளும். சிறகு முறியும், ரத்தம் வரும். கூண்டைச் சன்னலிலிருந்து உள்பக்கமாக நகர்த்தி, மூன்று பக்கம் துணி போட்டு மூடி, அறையில் ஒரு சின்ன விளக்கை எரியவிட்டால் மிரட்சி குறையும்.

முயல் பின்னங்காலால் தரையை ‘டப் டப்’ என்று உதைக்கும். அது விளையாட்டு அல்ல, ஆபத்து அறிவிப்பு. கண் பிதுங்க அசையாமல் உட்காரும். பயத்தில் தின்பதை நிறுத்தினால் முயலின் குடல் இயக்கமே நின்றுபோகும். அரை நாள் தின்னாமல் இருந்தாலே அவசரம் என்று எண்ணுங்கள்.

செபராங் பிறையில் இன்னும் மாடு, ஆடு வளர்க்கும் நம் குடும்பங்கள் உண்டு. புயல் நெருங்கும்போது மாடுகள் அசைபோடுவதை நிறுத்தும், தலையைத் தூக்கிக் காதை விறைக்கும், ஒன்றோடொன்று நெருக்கி நிற்கும். பயந்த மாடு பால் சுரக்காது. பயத்தில் ஊறும் அட்ரினலின், பாலை இறங்கவிடாமல் தடுத்துவிடும். அந்த நேரத்தில் “இன்னிக்கு இது அடம் பிடிக்குது” என்று அடித்தால் இன்னும் குறையும்.

இதைவிடப் பெரிய ஆபத்து, மாடுகள் மழைக்கு ஒதுங்கும் ஒற்றை மரம். மரத்தில் விழும் மின்னல் தரை வழியாகப் பரவும். மாட்டின் முன்னங்காலுக்கும் பின்னங்காலுக்கும் இடைவெளி அதிகம். அதனால் மின்சாரம் ஒரு காலில் ஏறி இதயம் வழியாக மறு காலில் இறங்கும். 2016 ஆகஸ்டில் நார்வே மலைப்பகுதியில் ஒரே புயலில் 323 கலைமான்கள் இப்படி விழுந்து கிடந்தன. 2021 மே மாதம் அசாம் மாநிலத்தின் நாகாவ் மாவட்டக் காட்டில் 18 யானைகள் மின்னலுக்குப் பலியாயின. மேகம் கறுத்ததும் மாட்டை மரத்தடியிலிருந்து அவிழ்த்துக் கொட்டகைக்குக் கொண்டுவருவது நம் கையில் இருக்கிறது.

பயம் மறக்காது: பாவ்லோவின் நாய்கள்

மணி அடித்தால் எச்சில் ஊறும் நாய்களைப் பற்றி அறிவியல் பாடத்தில் படித்திருப்பீர்கள். அந்த ரஷ்ய அறிவியலாளர் பாவ்லோவின் கூடத்தில் நடந்த இன்னொரு சம்பவம் நம் பாடத்துக்கு நெருக்கமானது. 1924 செப்டம்பரில் லெனின்கிராட் நகரில் பெருவெள்ளம். நாய்க்கூண்டுகளுக்குள் தண்ணீர் ஏறியது. நாய்கள் தலையை மட்டும் தண்ணீருக்கு மேல் நீட்டித் தவித்தன. கடைசி நேரத்தில் பணியாளர்கள் வந்து காப்பாற்றினார்கள்.

நாய்கள் பிழைத்துவிட்டன. ஆனால் சில நாய்கள் அதுவரை கற்ற பழக்கங்களை இழந்துவிட்டன. தேறிவர வாரக்கணக்கில் ஆனது. தேறிய பிறகு ஒரு நாயின் அறைக் கதவுக்கு அடியில் கொஞ்சம் தண்ணீரை ஒழுகவிட்டுப் பார்த்தார்கள். அந்தச் சிறு ஓடையைக் கண்டதுமே பழைய பீதி அப்படியே திரும்பி வந்தது.

இதிலிருந்து நாம் படிப்பது என்ன? பயம் அந்த நாளோடு போய்விடாது. கவனிக்காமல் விட்டால் ஒவ்வொரு புயலிலும் கூடத்தான் செய்யும். “போகப்போகப் பழகிடும்” என்று காத்திருப்பது சரியான வழி அல்ல.

நாம் செய்யும் தவறுகள்

ஒன்று, அடிப்பதும் கத்துவதும். ஏற்கனவே வானத்துக்குப் பயந்த உயிர் இனி நமக்கும் பயப்படும்.

ரெண்டு, சங்கிலியில் கட்டி வெளியே விடுவது. ஓடவும் முடியாது, ஒளியவும் முடியாது. சங்கிலி கழுத்தை இறுக்கலாம். வெள்ளம் ஏறினால் தப்பவே முடியாது.

மூன்று, “கொஞ்சினா பயம் கூடிடும்” என்று ஒதுக்கித் தள்ளுவது. பல பேர் இதை நம்புகிறார்கள். பயம் ஓர் உணர்ச்சி. பிஸ்கட் கொடுத்தால் ‘உட்கார்’ என்பதைக் கற்றுக்கொள்வதுபோல, தடவிக் கொடுத்தால் பயத்தைக் கற்றுக்கொள்ளாது. அது பக்கத்தில் வந்தால் அமைதியாகத் தடவிக் கொடுங்கள். நாம் பதறாமல் இருப்பதுதான் முக்கியம்.

நான்கு, நம் மருந்தை அதற்குக் கொடுப்பது. ஒரே ஒரு பாராசிட்டமால் மாத்திரை பூனையைக் கொன்றுவிடும். வெறும் மயக்க மருந்தும் தீர்வு அல்ல. உடம்பு அசையாமல் கிடக்கும், பயம் உள்ளே அப்படியே இருக்கும். பயத்தையே குறைக்கும் மருந்துகள் இருக்கின்றன. எந்த மருந்து, எவ்வளவு என்பதைக் கால்நடை மருத்துவர்தான் சொல்ல வேண்டும்.

என்ன செய்யலாம்?

மழைக்காலம் தொடங்கும் முன்பே ஓர் அடைக்கல இடம் ஏற்பாடு செய்யுங்கள். சன்னல் இல்லாத உள்அறை, மாடிப்படிக்கு அடிப்பக்கம், கட்டிலுக்கு அடி என்று அது தானாகத் தேர்ந்த இடமே சிறந்தது. பழைய பாயும், உங்கள் வாடை உள்ள ஒரு சட்டையும் போடுங்கள். நல்ல நாட்களிலும் அங்கே தின்பண்டம் வையுங்கள். கதவைப் பூட்டாதீர்கள். வந்து போக வழி இருந்தால்தான் அது அடைக்கலம், இல்லாவிட்டால் சிறை.

கழுத்துப்பட்டையில் கைப்பேசி எண் எழுதிய தகடு போடுங்கள். முடிந்தால் மைக்ரோசிப் வையுங்கள். நாய்க்கு மாநகர் மன்ற உரிமம் எடுங்கள். புயலில் ஓடிப்போன நாய் அடையாளம் இல்லாமல் தெருவில் நின்றால், பிடிக்க வருபவர்களுக்கு அது தெருநாய்தான். அது உங்கள் வீட்டுச் செல்லம் என்று யார் சொல்வது?

மெட்மலேசியாவின் செயலியில் இடிமழை எச்சரிக்கை வந்தால் முன்கூட்டியே நடக்கக் கூட்டிப்போய், சாப்பாடு கொடுத்து, உள்ளே கொண்டுவந்துவிடுங்கள். மின்னல் தெரியாமல் திரையை இழுங்கள், விளக்கைப் போடுங்கள். மின்விசிறியோ வானொலியோ ஓடட்டும். அது தின்னும் நிலையில் இருந்தால் ஒவ்வோர் இடிக்கும் ஒரு துண்டு நல்ல தின்பண்டம் கொடுங்கள். இடி என்றால் நல்லது வரும் என்று மெல்ல மெல்லப் படியும். தின்ன மறுத்தால் வற்புறுத்த வேண்டாம், பக்கத்தில் உட்காருங்கள். பாடப் புத்தகத்தை அங்கேயே கொண்டுபோய்ப் படியுங்கள், அதுவே போதும்.

வானம் தெளிந்த நாட்களில் பயிற்சி கொடுக்கலாம். இடி அல்லது பட்டாசுச் சத்தத்தைக் கைப்பேசியில் மிக மெதுவாக, அது காதைக்கூட ஆட்டாத அளவில் வைத்து, விளையாட்டும் தின்பண்டமும் கொடுங்கள். ஐந்து நிமிடம் போதும். வாரக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாகச் சத்தத்தைக் கூட்டுங்கள். பயத்தின் முதல் அடையாளம் தெரிந்தால் உடனே குறையுங்கள். பட்டாசுக்கு இது நன்றாகப் பலிக்கும். இடிக்கு அவ்வளவு பலிக்காது, ஏனென்றால் மின்னலையும் காற்றழுத்தத்தையும் கைப்பேசியில் கொண்டுவர முடியாது.

தன்னைத்தானே காயப்படுத்திக்கொண்டால், மேகம் கறுத்தாலே பீதியடைந்தால், புயல் ஓய்ந்து வெகுநேரம் ஆகியும் தெளியாவிட்டால் மருத்துவரிடம் போங்கள். அதுவரை பயப்படாமல் இருந்த வயதான நாய் திடீரென்று இடிக்கு நடுங்கத் தொடங்கினாலும் காட்டுங்கள். மூட்டுவலி போன்ற வேறு வலிகூடக் காரணமாக இருக்கலாம்.

வெள்ளம் வந்தால் முதலில் சங்கிலியை அவிழுங்கள், கூண்டைத் திறங்கள். நீங்கள் வெளியேறும்போது அதையும் கூட்டிப்போங்கள். முடியவே இல்லையென்றால், உயரமான இடத்துக்குப் போக வழியாவது விட்டுச் செல்லுங்கள்.

நம் தர்மம் என்ன சொல்கிறது?

கோவர்த்தனக் கதையை நாம் சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறோம். இந்திரன் கோபத்தில் இடியும் மழையுமாகக் கொட்டினான். சிறுவன் கண்ணன் மலையைத் தூக்கிக் குடையாகப் பிடித்தான். ஏழு நாள். அந்தக் குடைக்குக் கீழே யார் நின்றார்கள்? ஆயர்கள் மட்டுமா? பசுக்களும் கன்றுகளும்தான். “மனுஷங்க முதல்ல வாங்க, மாடு அப்புறம் பார்த்துக்கலாம்” என்று கண்ணன் சொல்லவில்லை. கோவர்த்தனத்தைப் படத்தில் வைத்துப் பூப்போடுகிறோம். இடி இடிக்கும்போது வாசல் கதவைத் திறந்து நாயை உள்ளே விடுவது அதே பூசைதான்.

தருமர் தன் கடைசிப் பயணத்தில் கூடவே வந்த நாயை விட்டுவிட்டு விண்ணுலகம் வர மறுத்தார். அடைக்கலம் என்று வந்ததைக் கைவிட மாட்டேன் என்பது அவர் வாதம். நாயை வாகனமாகக் கொண்ட பைரவரைக் கும்பிடுகிறோம். மணியை அடித்த பசுவுக்கு நீதி சொன்ன மனுநீதிச் சோழனைப் புகழ்கிறோம். அந்தப் பசுவுக்காவது இழுக்க ஒரு மணி இருந்தது. நம் வீட்டு நாய்க்கு இருக்கும் மணி அதன் நடுக்கமும் இரைப்பும்தான். அதைக் கேட்கும் காது நமக்கு வேண்டும்.

நாட்டுச் சட்டமும் இதைத்தான் சொல்கிறது. மலேசியாவின் 2015ஆம் ஆண்டு விலங்கு நலச் சட்டம், பொருத்தமான இடம், உணவு, வலியிலிருந்தும் துன்பத்திலிருந்தும் பாதுகாப்பு ஆகியவற்றை வளர்ப்பவரின் கடமையாக்குகிறது. கொடுமை செய்தால் 20,000 ரிங்கிட் முதல் 100,000 ரிங்கிட் வரை அபராதம், மூன்றாண்டு வரை சிறை, அல்லது இரண்டும். ஆனால் சட்டத்துக்குப் பயந்து அல்ல, அருள் காரணமாகச் செய்ய வேண்டும் என்பதுதான் நம் வழி. திருக்குறளில் அருளுடைமைக்குத் தனி அதிகாரமே இருக்கிறது, வீட்டில் எடுத்துப் படியுங்கள்.

தீபாவளியைப் பற்றியும் ஒரு வார்த்தை. பட்டாசே கூடாது என்று சொல்ல வரவில்லை. எண்ணெய்க் குளியலும் விளக்கும் பலகாரமும் கோயிலும்தான் தீபாவளியின் உயிர். வெடிச்சத்தம் இல்லாவிட்டால் தீபாவளி குறைந்துபோகாது. கொளுத்தத்தான் வேண்டும் என்றால், பக்கத்து வீட்டில் நாய் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள், நேரத்தைச் சொல்லிவையுங்கள், நள்ளிரவைத் தவிருங்கள். சீனப் புத்தாண்டின் எட்டாம் நாள் இரவு பினாங்கு முழுக்க வெடிக்கும்போது நம் நாய்கள் என்ன பாடு படுகின்றன என்று பார்த்திருப்போம். நம் பட்டாசு, அவர்கள் பட்டாசு என்ற வேறுபாடு நாய்க்குத் தெரியாது. அவர்களிடம் நாம் எதிர்பார்க்கும் கரிசனத்தை முதலில் நாம் காட்டுவோம்.

வகுப்பில் பேசுவோம்

1. உங்கள் வீட்டுப் பிராணி இடியின்போது செய்த ஏதாவது ஒன்றைச் சேட்டை என்று நினைத்துத் தண்டித்தது உண்டா? இப்போது அதை எப்படிப் பார்க்கிறீர்கள்?

2. முதல் படி அடையாளங்களில் இதுவரை நீங்கள் கவனிக்காதது எது?

3. “நாய்தானே, அதுக்கென்ன தெரியும்?” என்று வீட்டில் பெரியவர் ஒருவர் சொன்னால், மரியாதை குறையாமல் எப்படிப் பதில் சொல்வீர்கள்?

4. தருமர் நாயைக் கைவிட மறுத்ததற்கும், வெள்ளத்தில் வீட்டை விட்டு வெளியேறும் நம் நிலைக்கும் என்ன தொடர்பு?

இந்த வாரச் செயல்

அடுத்த இடிமழையின்போது ஒரு தாளும் பேனாவும் எடுத்துக்கொள்ளுங்கள். உங்கள் வீட்டுப் பிராணி, அல்லது பக்கத்து வீட்டுப் பிராணி, முதல் அடையாளத்தைக் காட்டிய நேரம், முதல் இடி கேட்ட நேரம், பழைய நிலைக்குத் திரும்பிய நேரம் மூன்றையும் குறித்து வாருங்கள். எல்லாருடைய குறிப்பையும் வகுப்பில் ஒன்றாக வைத்துப் பார்ப்போம். வீட்டில் பிராணி இல்லாதவர்கள், குழுவாகச் சேர்ந்து ஜெலுத்தோங்கில் உள்ள பிராணிகள் வதைத் தடுப்புச் சங்கத்தின் காப்பகத்துக்கு முன்கூட்டியே அனுமதி கேட்டுப் போய்வரலாம். பழைய துண்டு, போர்வை ஏதும் தேவைப்படுகிறதா என்று கேட்டு எடுத்துப் போங்கள்.

அடுத்த முறை மேகம் கறுக்கும்போது, துணி எடுக்க ஓடும் முன் ஒரு நிமிடம் உங்கள் நாயின் முகத்தைப் பாருங்கள். அது கொட்டாவி விட்டால், “தூக்கமாடா?” என்று கேட்காதீர்கள். கதவைத் திறந்து, “வாடா உள்ளே, நான் இருக்கேன்,” என்று சொல்லுங்கள்.